கறிக்கு மாடு வளர்ப்பு: கணக்கு புல்லிலிருந்து தொடங்குகிறது

300 கிலோ எடையுள்ள ஒரு மாடு நாள் முழுக்கச் சும்மா நின்றாலும் அதற்குச் சுமார் 5 கிலோ காய்ந்த தீவனம் வேண்டும். மூச்சுவிட, நடக்க, உடம்புச் சூட்டைக் காக்க, தேய்ந்த திசுவைச் சரிசெய்ய, இதற்கே அந்த 5 கிலோவும் போய்விடும். எடை கொஞ்சமும் ஏறாது. அதற்கு மேல் தின்பதுதான் சதையாக மாறுகிறது. கறிக்காக மாடு வளர்ப்பதில் முதலில் புரிந்துகொள்ள வேண்டியது இதுதான். என்னைக் கேட்டால் கடைசி வரை மறக்கக் கூடாததும் இதுதான், ஏனென்றால் ஒரு சிறு பண்ணை ஏன் நஷ்டப்பட்டது என்று தோண்டிக்கொண்டே போனால் பெரும்பாலும் இங்கே வந்துதான் நிற்கும்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். உங்கள் நிலத்தில் ஒரு நாளைக்கு 45 கிலோ காய்ந்த தீவனத்துக்குச் சமமான புல் கிடைக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அதில் 300 கிலோ மாடுகள் 9 வளர்த்தால் தலைக்கு 5 கிலோ. எல்லாம் உயிரோடு இருக்கும், ஒன்றும் வளராது. அதே புல்லுக்கு 6 மாடுகள் மட்டும் என்றால் தலைக்கு 7.5 கிலோ, மிஞ்சும் 2.5 கிலோவை வைத்து ஒவ்வொன்றும் நாளுக்கு அரை கிலோவுக்குப் பக்கத்தில் எடை ஏறும். 9 மாடுகள் தராத கறியை 6 மாடுகள் தருகின்றன. மாடு எண்ணிக்கை கூடினால் வருமானம் கூடும் என்று நினைப்பது இயல்புதான், ஆனால் புல் அளவு மாறாத இடத்தில் அது நேர் எதிராக வேலை செய்யும்.

மேலே 'காய்ந்த தீவனம்' என்று சொன்னதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். பச்சைப் புல்லில் பெரும்பகுதி தண்ணீர். இளம்புல்லை வெட்டி, ஈரம் முழுக்கப் போகும்வரை உலர்த்தினால் 100 கிலோவுக்கு 20 கிலோ மிஞ்சும். வைக்கோலிலும் உலர்புல்லிலும் 85 முதல் 90 கிலோ வரை மிஞ்சும். ஈரம் போக நிற்கும் இந்த எடையைத்தான் உலர்பொருள் என்கிறார்கள். மாட்டுக்கு எவ்வளவு போட வேண்டும் என்ற எல்லாக் கணக்கும் இதில்தான் நடக்கிறது. பொதுவாக ஒரு மாடு ஒரு நாளில் தன் எடையில் 2 முதல் 2.5 சதவீதம் உலர்பொருள் தின்னும். தீவனம் நன்றாக இருந்தால் இளம் மாடு 3 சதவீதத்தை நெருங்கும். அப்படியென்றால் 400 கிலோ மாட்டுக்கு 10 கிலோ உலர்பொருள், பச்சைப் புல்லாகப் போட்டால் 50 கிலோ. தினமும் 50 கிலோ புல்லை அறுத்துச் சுமந்து வந்து போட வேண்டும் என்பதை ஒரு நிமிடம் யோசித்தாலே, மாட்டைப் புல்லுக்கு நடத்திக் கூட்டிப்போவது ஏன் இவ்வளவு முக்கியம் என்பது விளங்கிவிடும்.

வயிற்றுக்குள் நடப்பது

மாட்டுக்குப் புல்லைச் செரிக்கத் தெரியாது. இது பலருக்கு ஆச்சரியமாக இருக்கும். புல்லின் நார்ப்பொருளை உடைக்கும் நொதி மாட்டின் உடம்பில் சுரப்பதில்லை. அந்த வேலையைச் செய்வது அதன் வயிற்றில் குடியிருக்கும் நுண்ணுயிர்கள். மாட்டின் இரைப்பைக்கு நான்கு அறைகள். முதலாவது அசையிரைப்பை, வளர்ந்த மாட்டில் 100 லிட்டருக்கு மேல் கொள்ளும், காற்றுப் புகாத, 39 டிகிரி சூட்டில் இருக்கும் ஒரு பெரிய நொதிக்கும் தொட்டி. மேய்ந்த புல் சரியாக மெல்லப்படாமல் நேராக இதற்குள் போகும். அப்புறம் மாடு நிழலில் படுத்து அதைக் கொஞ்சம் கொஞ்சமாக வாய்க்குக் கொண்டுவந்து அசைபோடும், ஒரு நாளில் 6 முதல் 8 மணி நேரம் வரை. நுண்ணுயிர்கள் நாரை நொதிக்கவைத்துக் கொழுப்பு அமிலங்களாக மாற்றுகின்றன, மாட்டுக்குக் கிடைக்கும் சக்தியில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் அந்த அமிலங்களிலிருந்துதான் வருகிறது. பிறகு அந்த நுண்ணுயிர்களே கீழே இறங்கி நான்காவது அறையில் செரிக்கப்பட்டு மாட்டுக்குப் புரதமாகின்றன.

ஆகவே தினமும் நீங்கள் தீவனம் போடுவது அந்த நுண்ணுயிர்க் கூட்டத்துக்கு. இதைப் பிடித்துக்கொண்டால் தீவனம் பற்றிய பாதிச் சந்தேகங்கள் தானாகத் தீரும். உதாரணத்துக்கு, வைக்கோல் நிறைய இருக்கிறது, மாடும் முன்னால் குவித்ததை முழுக்கத் தின்னவில்லை, மெலிந்துகொண்டே போகிறது, ஏன்? தீவனத்தில் புரதம் 7 சதவீதத்துக்குக் கீழே போனால் நுண்ணுயிர்கள் பெருக முடியாமல் நார் உடைவது மெதுவாகிவிடும், தொட்டி காலியாகாது, காலியாகாத தொட்டிக்குள் மேற்கொண்டு எதையும் திணிக்க முடியாது. வைக்கோலில் புரதம் 3, 4 சதவீதம்தான். அந்த இடத்தில் கொஞ்சம் பிண்ணாக்கோ பயறுவகைத் தழையோ சேர்த்தால் மாடு அதே வைக்கோலை முன்பைவிட அதிகமாகத் தின்னத் தொடங்கும். புரதத்துக்காக யூரியா கலப்பவர்களும் உண்டு. அளவு தவறினால் அது விஷம், கன்றுகளுக்குக் கொடுக்கவே கூடாது, முதல் வருடத்தில் அந்தப் பக்கமே போகாதீர்கள்.

தீவனத்தைத் திடீரென்று மாற்றினால் வரும் ஆபத்தும் இதே காரணத்தால்தான். புல்லை நொதிக்கும் கூட்டம் வேறு, தானியத்தை நொதிக்கும் கூட்டம் வேறு. புல் மட்டுமே தின்று வந்த மாடு ஒருநாள் தானிய மூட்டையைக் கண்டுபிடித்து வயிறு முட்டத் தின்றுவிட்டால் அசையிரைப்பையில் லாக்டிக் அமிலம் பொங்கி ஒரே நாளில் உயிர் போகலாம். தானியமோ அடர் தீவனமோ கொடுப்பதாக இருந்தால் அரைக் கிலோவில் தொடங்கி இரண்டு மூன்று வாரத்தில் படிப்படியாக ஏற்றுங்கள், தீவன அறைக்குக் கட்டாயம் பூட்டுப் போடுங்கள். குதிரைமசால் போன்ற இளம் பயறுவகைப் புல்லில் பசியோடு இறக்கிவிட்டால் இன்னொரு வகைத் தொல்லை: வயிற்றில் நுரை கட்டி, ஏப்பமாக வெளியேற வேண்டிய வாயு அடைபட்டு, இடது விலா பந்துபோல் உப்பும். வளர்ந்த மாட்டில் மணிக்கு 30 முதல் 50 லிட்டர் வாயு உருவாகிறது, வெளியே போக வழியில்லை என்றால் நுரையீரலை நசுக்கிவிடும். முதலில் உலர்புல் கொஞ்சம் போட்டுவிட்டு அப்புறம் மேயவிடுவதுதான் தடுப்பு. உப்பிவிட்டால் உடனே கால்நடை மருத்துவரைக் கூப்பிடுங்கள், காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று விடக்கூடிய நோய் இல்லை இது.

புல்லை அளப்பது

புல் எவ்வளவு இருக்கிறது என்பதை ஆழம் தெரிந்த கண்ணால் சொல்பவர்கள் இருக்கிறார்கள், புதிதாகத் தொடங்குகிறவருக்கு அளப்பதுதான் நல்லது. அரை மீட்டருக்கு அரை மீட்டர் சட்டம் ஒன்று செய்து நிலத்தில் ஏழெட்டு இடங்களில் போடுங்கள், நன்றாக இருக்கும் இடம் மட்டும் அல்லாமல் சொட்டை விழுந்த இடத்திலும். சட்டத்துக்குள் இருக்கும் புல்லை வெட்டி, எடை மேலும் குறையாத அளவுக்கு உலர்த்தி நிறுத்துப் பாருங்கள். சராசரி 100 கிராம் வந்தால் ஒரு ஹெக்டேருக்கு 4,000 கிலோ உலர்பொருள் நிற்கிறது என்று அர்த்தம். அதில் மாடு வாயில் போவது பாதியோ கொஞ்சம் கூடவோதான். மிதிபடுவது உண்டு, சாணம் விழுந்து ஒதுக்குவது உண்டு, மீதியை நீங்களே விட்டுவைக்க வேண்டும்.

ஏன் விட்டுவைக்க வேண்டும்? புல் மறுபடி வளர்வது இலை வழியாக. ஒட்ட மேய்ந்துவிட்டால் அடித்தண்டிலும் வேரிலும் சேர்த்துவைத்ததை எடுத்துத்தான் அது தளிர்க்கும், அந்தத் தளிரையும் மாடு கடித்தால் வேர் சுருங்கும், இப்படி இரண்டு மூன்று முறை நடந்தால் நல்ல புல் செத்து அந்த இடத்துக்குக் களை வரும். மாட்டைப் பெரிய நிலத்தில் ஒரேயடியாக அவிழ்த்துவிட்டால் இதுதான் நடக்கும், ஏனென்றால் மாடு முற்றிய புல்லை விட்டுவிட்டு நேற்று கடித்த இடத்தில் வந்த தளிரைத்தான் தேடிப் போகும். அதனால் நிலத்தைத் தடுப்புகளாகப் பிரித்து, ஒன்றில் ஒரு நாளோ மூன்று நாளோ மேயவிட்டு அடுத்ததுக்கு மாற்றுவது சுழற்சி மேய்ச்சல். ஒரு சாண் உயரத்துக்கு மேல் வளர்ந்த பிறகு உள்ளே விடுங்கள், நாலு விரல் உயரம் நிற்கும்போது வெளியே எடுங்கள். வேகமாக வளரும் பருவத்தில் 20, 25 நாள் ஓய்வு போதும். வறண்ட காலத்தில் 60 நாளும் போதாமல் போகலாம். காலண்டரைப் பார்த்து மாற்றாதீர்கள், புல்லைப் பார்த்து மாற்றுங்கள். இந்தத் தடுப்புகளுக்கு நிரந்தர வேலி வேண்டாம், ஒற்றைக் கம்பி மின்வேலி போதும். அதில் பெரும்பாலான கோளாறு நிலத்தடிக் கம்பியால், அதாவது எர்த் சரியாக இறங்காததால் வருவது, அங்கே கஞ்சத்தனம் வேண்டாம்.

இப்போது எத்தனை மாடு என்ற கேள்விக்கு வரலாம். வருடம் முழுக்க விளையும் புல்லைக் கூட்டி 12-ஆல் வகுத்துப் பதில் தேடினால் ஏமாந்துபோவீர்கள். புல் சீராக விளைவதில்லை. சில மாதங்கள் தின்ன முடியாத அளவுக்குக் குவியும், சில மாதங்கள் மண்தான் தெரியும். பஞ்ச மாதங்களை எண்ணுங்கள். 4 மாதம் புல் இல்லை என்றால், நாளுக்கு 9 கிலோ வீதம் 120 நாளுக்கு ஒரு மாட்டுக்கு 1,080 கிலோ, சிந்திச் சிதறுவதையும் சேர்த்தால் 1,250 கிலோ உலர்தீவனம் கையிருப்பில் இருக்க வேண்டும். அதைச் சேர்த்துவைக்க இடமும், வெட்டிக் காயவைக்க ஆளும், அல்லது வாங்கக் காசும் எத்தனை மாட்டுக்கு உங்களிடம் இருக்கிறதோ அத்தனைதான் உங்கள் எண்ணிக்கை. பஞ்சத்தில் மெலிந்த மாடு நல்ல புல் வந்ததும் வேகமாக ஈடுகட்டி வளரும் என்பது உண்மை, ஓரளவுக்கு அதை நம்பலாம். ஆனால் மெலிந்த அந்த நாள்களிலும் பிழைப்புக்கான 5 கிலோ செலவாகிக்கொண்டேதான் இருந்தது. 200 கிலோ கன்று 500 கிலோவை எட்ட, நாளுக்கு 1 கிலோ ஏறினால் 300 நாள், 600 கிராம் ஏறினால் 500 நாள். அந்த 200 நாள் வித்தியாசத்தில் ஒரு மாடு பிழைப்புக்கென்றே கூடுதலாகத் தின்பது ஒரு டன்னுக்கு மேல்.

எந்த மாடு வாங்குவது

பசு வளர்த்து, சினைப்படுத்தி, கன்று எடுத்து, அந்தக் கன்றைக் கறிக்கு வளர்ப்பது ஒரு முழு வட்டம். கேட்க அழகாக இருக்கும், ஆனால் தாய்ப்பசு வருடம் முழுக்கத் தின்கிறது, சினைக்காலம் 283 நாள், வருடத்துக்கு ஒரு கன்றுதான், ஈற்று நேரத்தில் நீங்கள் பக்கத்தில் இருக்க வேண்டும், காளைக்கோ சினை ஊசிக்கோ ஏற்பாடு வேண்டும். சிறிய நிலத்தில் முதல்முறையாகச் செய்கிறவருக்கு, பால் மறந்த 6 முதல் 8 மாதக் கன்றை வாங்கி, புல் நன்றாக இருக்கும் காலத்தில் வளர்த்து, எடை வந்ததும் கொடுத்துவிடுவது எவ்வளவோ எளிது. புல் குறைந்த வருடத்தில் குறைவாக வாங்கலாம், வாங்காமலே விடலாம், தாய்மந்தை வைத்திருப்பவருக்கு அந்தச் சுதந்திரம் கிடையாது. ஒன்றை மட்டும் வாங்காதீர்கள். மாடு கூட்டத்தோடு வாழும் பிராணி, தனியாக நின்றால் கத்தும், வேலி தாண்டும், தீவனமும் சரியாக எடுக்காது. குறைந்தது இரண்டு.

இனத்தைப் பற்றி நிறையப் பேசலாம், நான் சுருக்கமாகவே சொல்கிறேன். ஆங்கஸ், ஹியர்ஃபோர்டு போன்ற பிரிட்டன் இனங்கள் சீக்கிரம் கொழுப்புப் பிடித்துத் தயாராகும், புல்லிலேயே முடிக்க ஏற்றவை. பிரான்சின் ஷாரலே, லிமோசின் பெரிய உடம்பு, நிறையச் சதை, ஆனால் தயாராக அதிகக் காலமும் நல்ல தீவனமும் கேட்கும். திமில் உள்ள இனங்கள் வெயிலையும் உண்ணியையும் மட்டமான புல்லையும் தாங்கும். பிரேசிலின் நெலோர், அமெரிக்காவில் உருவான பிரம்மன் எல்லாம் இந்திய மாடுகளின் வழிவந்தவை. அவற்றின் கறி சராசரியாகக் கொஞ்சம் கடினம், சரியாகப் பதப்படுத்தினால் பெரிய குறை இல்லை. அயர்லாந்தின் டெக்ஸ்டர் சிறிய உடம்பு என்பதால் குறைந்த நிலத்துக்குப் பொருந்தும். பால் பண்ணைகளில் பிறக்கும் காளைக்கன்றுகளும் நல்ல தொடக்கம்தான், மலிவாகக் கிடைக்கும், எலும்பு பெரிது, சதை விகிதம் கொஞ்சம் குறைவு. உங்கள் தட்பவெப்பத்தில் ஏற்கெனவே நன்றாக வாழும் மாடு எதுவோ அதுவே உங்களுக்கு நல்ல இனம். அதைவிட முக்கியம், வாங்கும் கன்று தெளிந்த கண்ணோடு, காய்ந்த மூக்குச்சளி இல்லாமல், பின்புறம் கழிச்சல் படியாமல், நான்கு காலிலும் சமமாக நிற்கிறதா, ஆளைக் கண்டு மிரண்டு ஓடாமல் இருக்கிறதா என்பது. மிரளும் குணம் உள்ள மாட்டை எவ்வளவு விலை குறைத்துக் கொடுத்தாலும் வேண்டாம் என்பேன்.

காளைக்கன்றாக இருந்தால் காயடித்ததா என்று கேளுங்கள். காயடிக்காத காளை வேகமாக வளரும், கொழுப்பும் குறைவு, ஆனால் ஒரு வயதைத் தாண்டினால் சண்டை, வேலி உடைப்பு, ஆளுக்கே ஆபத்து. சிறு பண்ணைக்குக் காயடித்ததே சரி. எவ்வளவு சின்ன வயதில் செய்கிறோமோ அவ்வளவு வலி குறைவு, மருத்துவரை வைத்து மரத்துப்போகும் ஊசி போட்டுச் செய்யச் சொல்லுங்கள். கொம்புக் குருத்தைச் சுடுவதும் அப்படியே, முதல் இரண்டு மாதத்துக்குள்.

தினப்படி வேலைகள்

தண்ணீர்தான் முதலில். குளிர்காலத்தில் 25 லிட்டர் குடிக்கும் மாடு வெயில் காலத்தில் 50, 60 லிட்டர் கேட்கும். தண்ணீர் குறைந்தால் தீவனம் தின்பதும் கூடவே குறையும், எடை நிற்கும். தொட்டியில் பாசி படிந்த தண்ணீரை நீங்கள் குடிக்க மாட்டீர்கள் என்றால் மாட்டுக்கும் வைக்காதீர்கள். உப்பும் தாது உப்புக் கலவையும் எப்போதும் எட்டும் இடத்தில் இருக்கட்டும், நக்கிக்கொள்ளும். செம்மறி ஆட்டுக்கான தாது உப்பில் தாமிரம் குறைவு, மாட்டுக்கென்று இருப்பதையே வாங்குங்கள். மாட்டின் இறைச்சித்தூள், எலும்புத்தூள் கலந்த தீவனத்தை மாட்டுக்கே கொடுப்பது பெரும்பாலான நாடுகளில் தடைசெய்யப்பட்டிருக்கிறது. 1986-ல் பிரிட்டனில் கண்டறியப்பட்ட, மூளையைத் தாக்கும் பைத்தியப் பசு நோய் பரவியது அந்த வழியில்தான்.

அதிகம் பேசப்படாத ஒன்று ஆணியும் கம்பியும். மாடு நாக்கால் புல்லைச் சுற்றி இழுத்து அப்படியே விழுங்கும், மேல்தாடையில் முன்பல் கிடையாது, ஆட்டைப்போலப் பொறுக்கித் தின்னத் தெரியாது. புல்லோடு போகும் கம்பித்துண்டு இரண்டாவது அறையில் தங்கி, அங்கிருந்து குத்திக்கொண்டு இதயம் வரை போய்விடும், அந்த அறைக்கும் இதயத்துக்கும் நடுவில் இருப்பது சில சென்டிமீட்டர்தான். இதற்காகவே மாட்டுக்கு விழுங்கக் கொடுக்கும் காந்தம் ஒன்று இருக்கிறது, விரல் நீளத்தில், வாழ்நாள் முழுக்க அந்த அறையிலேயே கிடந்து இரும்பைப் பிடித்துவைக்கும். வேலி கட்டி முடித்த அன்றே கம்பித்துண்டுகளைப் பொறுக்கிவிட்டால் காந்தத்துக்கே வேலை இருக்காது.

நோய்களைப் பொறுத்தவரை, சப்பை நோய், தொண்டை அடைப்பான், கோமாரி போன்றவற்றில் எவை உங்கள் பகுதியில் வரும், எந்த வயதில் எந்தத் தடுப்பூசி என்பதைப் பக்கத்துக் கால்நடை மருத்துவர் சொல்வார், மாடு வாங்குவதற்கு முன்பே அவரைப் பார்த்துவிடுங்கள். புதிதாக வரும் மாட்டை மூன்று வாரமாவது தனியே நிறுத்துங்கள். குடற்புழு மருந்தை எல்லா மாட்டுக்கும் மாதாமாதம் கொடுக்கும் பழக்கம் கெடுதல், புழுக்கள் மருந்துக்குப் பழகிவிடும். சாணத்தைச் சோதித்துத் தேவைப்பட்டதற்குக் கொடுங்கள். இன்னொன்று, எந்த மருந்து கொடுத்தாலும் அது உடம்பை விட்டு வெளியேற எத்தனை நாள் என்று புட்டியில் எழுதியிருக்கும். அந்த நாள் முடியாமல் கறிக்கு அனுப்பக் கூடாது. கொடுத்த தேதியை நோட்டில் எழுதுங்கள், நினைவை நம்பாதீர்கள். யாரோ ஒரு குழந்தை அதைத் தின்னப்போகிறது.

மாட்டை அதட்டாமல் நகர்த்தப் பழகுங்கள். மாட்டுக்கு ஏறக்குறைய முழுச் சுற்றும் தெரியும், நேர் பின்னால் மட்டும் தெரியாது, அங்கிருந்து வந்தால் உதைக்கும். அதன் தோள்பட்டைக்குப் பின்னால் நின்று நெருங்கினால் முன்னே போகும், தோளைத் தாண்டி முன்னால் வந்தால் நிற்கும் அல்லது பின்வாங்கும். அமெரிக்க விலங்கியல் அறிஞர் டெம்பிள் கிராண்டின், மாடு தயங்கி நிற்கும் இடங்களை மாட்டின் கண் உயரத்தில் குனிந்து பார்த்து, தொங்கும் சங்கிலி, தரையில் விழும் நிழல், தண்ணீர்ப் பளபளப்பு போன்ற சின்னச் சின்ன விஷயங்கள்தான் அதை மிரட்டுகின்றன என்று எடுத்துக்காட்டினார். கம்பால் அடிப்பதற்கு முன் அந்த நிழலைத் தேடிப் பாருங்கள்.

எப்போது தயார்

எடை மேடை இல்லாவிட்டாலும் ஒரு நாடா போதும். முன்னங்காலுக்குப் பின்னால் மார்புச் சுற்றளவையும், தோள் முனையிலிருந்து பிட்ட எலும்பு வரை நீளத்தையும் சென்டிமீட்டரில் எடுங்கள். சுற்றளவை அதே எண்ணால் பெருக்கி, நீளத்தால் பெருக்கி, 10,838-ஆல் வகுத்தால் ஏறக்குறைய கிலோ வரும். சுற்றளவு 170, நீளம் 140 என்றால் 373 கிலோ. மாதம் ஒருமுறை ஒரே நேரத்தில் எடுத்து எழுதி வந்தால், எந்த மாதம் வளர்ச்சி நின்றது என்பது கண்ணுக்குத் தெரியும் முன் நோட்டில் தெரிந்துவிடும்.

வளரும் மாட்டில் முதலில் எலும்பு, அடுத்து சதை, கடைசியில் கொழுப்பு. கொழுப்பிலும் சிறுநீரகத்தைச் சுற்றி முதலில், பிறகு சதைகளுக்கு இடையில், தோலுக்கடியில், எல்லாவற்றுக்கும் கடைசியில்தான் சதைக்குள்ளேயே கோடுகோடாக. கறிக்குச் சுவையும் சாறும் தருவது அந்தக் கடைசிக் கொழுப்பு. வால் அடியிலும் மார்பு முன்புறத்திலும் கை வைத்தால் மெத்தென்று இருக்கிறதா, கடைசி விலா எலும்புகள் மூடியிருக்கின்றனவா என்று பாருங்கள். தானியம் கொடுத்து வளர்த்தால் 15 முதல் 20 மாதத்திலும், புல்லில் மட்டும் என்றால் 24 முதல் 30 மாதத்திலும் இந்த நிலை வரும். புல்லில் வளர்ந்த மாட்டின் கொழுப்பு மஞ்சளாக இருக்கும், புல்லின் கரோட்டின்தான் காரணம், கெட்டுப்போனது என்று யாராவது சொன்னால் கவலைப்படாதீர்கள்.

கடைசி நாளில் கவனம் தவறினால் இரண்டு வருட உழைப்பு வீணாகும். சதையில் சேர்ந்திருக்கும் கிளைக்கோஜன் என்ற சர்க்கரைச் சேமிப்பு உயிர் போன பிறகு லாக்டிக் அமிலமாக மாறி, அமிலம் கூடக் கூடக் குறையும் pH அளவு 7-லிருந்து 5.5-க்கு இறங்க வேண்டும். மாடு மிரண்டு, ஓடி, பட்டினியும் பயமுமாக வந்து சேர்ந்தால் அந்தக் கிளைக்கோஜன் முன்கூட்டியே தீர்ந்துவிடும், கறி கறுத்து, பிசுபிசுத்து, சீக்கிரம் கெட்டும் போகும். பழகிய ஆளே கூட்டிப்போகட்டும், பழகிய இன்னொரு மாடு கூட இருக்கட்டும், தண்ணீர் கடைசி வரை கிடைக்கட்டும். பெயர் வைத்து வளர்த்த மாட்டை அனுப்பும்போது மனது கனக்கத்தான் செய்யும், கனக்க வேண்டும் என்றுகூட நினைக்கிறேன். அந்தக் கனம் இருக்கிறவர்தான் கடைசி மணி நேரம் வரை அதைப் பதறவிடாமல் பார்த்துக்கொள்வார்.

500 கிலோ மாட்டில் தோல், தலை, குடல், கால் போக 275 கிலோ உடல் மிஞ்சும், புல்லில் மட்டும் வளர்ந்ததென்றால் இன்னும் கொஞ்சம் குறையும். எலும்பும் அதிகப்படிக் கொழுப்பும் நீக்கினால் 180 கிலோவை ஒட்டிய கறி. உடலை வெட்டிய உடனே உறையவைக்கக் கூடாது, சதை சுருங்கிக் கட்டையாகிவிடும். 0 முதல் 4 டிகிரியில் 10 முதல் 21 நாள் தொங்கவிட்டால் சதையில் இருக்கும் நொதிகளே நாரை இளக்கிவிடும். அந்த 180 கிலோவில் மிக மென்மையான முதுகடித் துண்டு 4 கிலோ அளவுக்குத்தான் கிடைக்கும். கழுத்து, தோள், கால் எல்லாம் உழைத்த சதை, மெதுவாக நீண்ட நேரம் வேகவைக்க வேண்டியவை, கொத்துக்கறிக்குப் போவதும் நிறைய. கறி வாங்குகிறவர்களிடம் இதை முன்பே சொல்லிவிடுங்கள், கால் பங்கு, அரைப் பங்கு என்று கலந்து விற்றால் எதுவும் தேங்காது. உங்களுக்கே வைத்துக்கொள்வதாக இருந்தால் 300 முதல் 350 லிட்டர் உறைபெட்டி வேண்டும்.

கன்று வாங்கும் முன் விசாரிக்க வேண்டியது ஒன்று பாக்கி இருக்கிறது. மாடு வெட்டுவது பற்றிய சட்டம் இடத்துக்கு இடம் மாறும். சில இடங்களில் முழுத் தடை, சில இடங்களில் வயதுக் கட்டுப்பாடு, பல இடங்களில் உரிமம் பெற்ற கூடத்தில் பரிசோதனையோடு வெட்டிய கறியை மட்டுமே விற்கலாம். உங்கள் பகுதியில் எது நடைமுறை, பக்கத்துக் கூடம் எவ்வளவு தூரம், எத்தனை மாதம் முன்பே பதிய வேண்டும் என்று கேட்டுவிட்டு, அங்கே கிடைக்கும் தேதியிலிருந்து பின்னோக்கி எண்ணி, அந்த நாளில் 500 கிலோவை எட்டக்கூடிய வயதில் கன்று பாருங்கள்.